கன்னர் அங்கிள் காட்டிய கை

சவரிமுத்து அங்கிள் இறந்துவிட்டார் என்ற செய்தி வந்தபோது நான் சவரிமுத்து அங்கிளாக நடித்துக்கொண்டிருந்தேன்.

பள்ளிப் பேருந்தின் கடைசி வரிசை. தண்ணீர் பாட்டில்தான் புட்டுக்குழல். இடது காதை முன்னால் தள்ளி, தொண்டையைக் கரகரப்பாக்கி, "கடலப் பாக்காமலே கடல்ல கெடந்தவன் நான்" என்று ஆரம்பித்து வெகுதூரம் போயிருந்தேன். ஓட்டுநர் அண்ணன் வண்டியை ஓரம் கட்டினார். கையில் போன்.

"ஏ பெனிட்டா, கொஞ்சம் நிப்பாட்டு. கன்னர் அங்கிள் போயிட்டாராம். வெள்ளனே கடையத் தொறக்கலன்னு போய்ப் பாத்திருக்காங்க. தூக்கத்துலயே முடிஞ்சுருச்சாம்."

முன்வரிசையில் ஒரு பையன் சிரித்தான். அதுவும் என் நடிப்பில் சேர்த்தி என்று நினைத்துவிட்டான். அவனைக் குற்றம் சொல்ல மாட்டேன். பேருந்து முழுவதையும் அப்படிப் பழக்கி வைத்திருந்தது நான்தான். பாட்டிலை எங்கே வைப்பதென்று தெரியாமல் வீடு வரைக்கும் மடியில் வைத்துக்கொண்டே போனேன்.

அடக்கம் முடிந்த மறுநாள் அவருடைய மகள் ரோஸ்லின் அக்கா என்னைக் கூப்பிட்டார். கோயம்புத்தூரில் செவிலியராக இருப்பவர். "அப்பா அந்தப் பீரங்கிக் கதைய ஊருக்கெல்லாம் சொன்னாரு. நான் சின்னப் புள்ளையா இருக்கையில பயந்துக்குவேன்னு சொல்லல. அப்புறம் எனக்கு உக்காந்து கேக்க நேரம் இல்ல. ஒனக்குத்தான் வரி வரியாத் தெரியும்ங்கிறாங்க. முப்பதாம் நாள் பூசைக்கு அத முழுசா எழுதிக் குடு பெனி. எனக்கு வேற எதுவும் வேணாம்" என்றார். முழுசா என்ற சொல்லை அவர் சாதாரணமாகத்தான் சொன்னார். எனக்குத்தான் முகம் சுட்டது.

இதைக் கேட்கப்போகிற உங்களில் முக்கால்வாசிப் பேர் அவர் கையால் சாப்பிட்டவர்கள். இருந்தாலும் தெரியாதவர்களுக்குச் சொல்லிவிடுகிறேன். வட்டக்கானலுக்கு இறங்கும் வழியில், மக்காச்சோளம் சுடும் லில்லி அக்காவின் வண்டிக்குப் பக்கத்தில் புட்டுக்கடை வைத்திருந்தவர்தான் சவரிமுத்து அங்கிள். அதற்கு முன் கடற்படையில் இருந்தார். இப்போது உடைத்து இரும்பாக்கிவிட்ட ஒரு பழைய போர்க்கப்பலில் பீரங்கிக்காரர். அதனால் கன்னர் அங்கிள். வலது காது கப்பலோடு போய்விட்டது. "இந்தக் காது சர்க்காருக்கு, அந்தக் காது சம்சாரத்துக்கு" என்பார். எதையும் மறைக்கத் தெரியாத மனிதர். புட்டுக்கடைக்காரர் புட்டுப் புட்டு வைக்காமல் வேறென்ன செய்வார் என்று நான் சொன்னபோது முதலில் சிரித்தவரும் அவர்தான்.

சுற்றுலா வந்தவர்கள் புட்டுக்குச் சொல்லிவிட்டு நிற்பார்கள். வேக வேண்டுமே. அந்த நேரத்துக்குத்தான் கதை. நான் நூறு முறை நடித்துக் காட்டிய கதையை இங்கே அவர் சொன்ன மாதிரியே வைக்கிறேன்.

"டரட்டுன்னா சுத்துற இரும்பு வீடு. சன்னல் கெடையாது. ஒரே வீட்டுக்குள்ள மூணு பீரங்கி, பக்கத்துல பக்கத்துல. வீடு திரும்புனா நாமளும் சேந்து திரும்புவோம். கடலு எந்தப் பக்கம், எதிரி எந்தப் பக்கம், ஒண்ணும் தெரியாது. கடலப் பாக்காமலே கடல்ல கெடந்தவன் நான்."

பிறகு புட்டுக்குழலைப் படுக்கவைத்துப் பிடிப்பார். அதுதான் பீரங்கி.

"குண்டு ஒரு அறைல, மருந்து வேற அறைல. ரெண்டும் கப்பலோட அடிவயித்துல. மருந்து அறைக்குப் போறவன் தீப்பெட்டி, சாவிக்கொத்து, ஆணி அடிச்ச செருப்பு எல்லாத்தையும் வாசல்லயே விட்டுட்டுப் போகணும். ரெண்டும் தனித்தனி லிப்டுல மேல வரும். மொதல்ல குண்டு." ஒரு வாழைப்பழத்தை உரித்துக் குழலுக்குள் விடுவார். "நெசக் குண்டு ரெண்டு அரிசி மூட்ட கனம். அத ஒருத்தன் அணச்சு எடுத்துத் தட்டுல வப்பான். இன்னொருத்தன் கட்டையால இடிச்சுத் தள்ளுவான். குண்டு இடுப்புல ஒரு செம்பு வளையம் இருக்கும். அது குழலுக்குள்ள வெட்டியிருக்கிற வரிப்பள்ளத்துல போய்க் கடிச்சுப் பிடிக்கணும். கடிக்கலன்னு வையி, பீரங்கி மூஞ்சியத் தூக்குனதும் குண்டு வழுக்கிப் பின்னால வந்துரும்." சட்டுவத்தின் காம்பால் பழத்தைத் தள்ளிக் காட்டுவார்.

அடுத்தது மாவு. அதுதான் மருந்து. "மருந்து பட்டுப் பைல இருக்கும். சீலப் பட்டு. ஏன்னு கேளு. பருத்தி எரிஞ்சா கனலு மிச்சம் கெடக்கும். அடுத்த பை உள்ள போறப்ப அந்தக் கனலு போதும், எல்லாரும் பரலோகம். பட்டு மிச்சம் வைக்காம எரியும்."

"எங்கம்மாகிட்டகூட அவ்வளவு பட்டு இல்ல அங்கிள்" என்று நான் இங்கே ஒரு வரி போடுவேன். சுற்றுலாக்காரர்கள் சிரிப்பார்கள். அவர் எனக்காக ஒரு நொடி நிறுத்துவார்.

கடைசியாக மூடி. "பின்பக்கக் கதவு. அது என் சோலி. மூடி, பிடியத் தள்ளுனா மரை கால் சுத்துல கவ்விக்கும்." ஒரு கிராம்பை எடுத்து மூடியின் துளையில் குத்துவார். "இதுதான் பத்தவைக்கிற குப்பி. விரலு நீளந்தான். இது பொரிஞ்சாத்தான் மருந்து பிடிக்கும், மருந்து பிடிச்சாத்தான் குண்டு போவும். ஆனா சுடுறது நாங்க இல்ல. கம்பத்து உச்சில ஒரு ஆபீசர் தூரத்தக் கணக்குப் போட்டு உக்காந்திருப்பாரு. எங்க பீரங்கி தயார்னா நான் ஒரு சுவிட்சப் போடுவேன், அவருகிட்ட விளக்கு எரியும். எல்லாரும் ஒதுங்கி நிப்போம். அவரு விசைய அமுக்குவாரு."

இவ்வளவும் சொல்லிக் குழலை ஆவிப்பானையின் மேல் நிறுத்துவார். வலது கையைத் தூக்கி, ஐந்து விரலையும் விரித்து, எங்களைப் பார்த்துக் காட்டுவார். பேச்சு நின்றுவிடும்.

அப்போது நாங்கள் "டமால்" என்று கத்துவோம்.

நான், என் வகுப்பு நிர்மல், தெருவில் நின்ற அத்தனை பிள்ளைகள். கொஞ்ச நாளில் பெரியவர்களும். பாட்டுக்குழுவை நடத்துகிறவர் கையைத் தூக்கினால் எப்படிப் பாட ஆரம்பிப்போமோ அப்படி. சுற்றுலாக்காரர்கள் துள்ளுவார்கள், பிறகு கைதட்டுவார்கள், போட்டோ எடுப்பார்கள். அங்கிள் தட்டை எடுத்து வைப்பார். கதை முடிந்தது. யாரும் அதற்கு மேல் எதுவும் கேட்டதில்லை. மேலே என்ன இருக்கப்போகிறது? பீரங்கி என்றால் வெடிக்கும்.

ஒருமுறை குழலுக்குள் அவர் பார்க்காதபோது வாழைப்பழத்தை எடுத்துவிட்டுக் கவுஞ்சியில் விளைந்த கேரட் ஒன்றைப் போட்டுவைத்தேன். புட்டைத் தள்ளியதும் கேரட் சிவப்பாக மூக்கை நீட்டியது. மதுரையிலிருந்து வந்த ஒரு குடும்பம் திகைத்து நின்றது. அங்கிள் அசரவில்லை. "இது புதுசா வந்த குண்டுங்க. கண்ணுக்கு நல்லது, குறி தப்பாது" என்று பரிமாறிவிட்டார். அவர்கள் போனபின் என்னைக் கூப்பிட்டு இன்னொரு கேரட் புட்டு அவித்து முழுவதையும் சாப்பிட வைத்தார். "எப்பிடி இருக்கு?" "சுமார்தான் அங்கிள்." "வெரசா முழுங்கு. பீரங்கிக்குத் தப்பான குண்டப் போட்டவன் அத அவனேதான் எடுக்கணும்."

அன்று கடையில் வேறு யாரும் இல்லை. நான் மென்றுகொண்டிருக்கும்போது அவர், "ஏத்தா, ஒண்ணு சொல்லணும். அந்த டமாலு இருக்கே…" என்று ஆரம்பித்தார். நான் வாயில் கேரட்டோடு "டமால்" என்றேன். புட்டுத்தூள் அவர் சட்டையெல்லாம் தெறித்தது. அவர் சிரித்துக்கொண்டே துடைத்தார். என்ன சொல்ல வந்தார் என்று நான் கேட்கவில்லை.

அடக்கத்துக்கு நாங்கள் ஒரு மரியாதை ஏற்பாடு செய்தோம். இது நிர்மலின் யோசனை என்று சொல்லித் தப்பிக்கலாம், என் யோசனைதான். பீரங்கிக்காரரை மௌனமாக அனுப்பக் கூடாது என்று மூன்று அதிர்வேட்டு வாங்கினோம். டரட்டில் மூன்று பீரங்கி, எனவே மூன்று வேட்டு. கல்லறைத் தோட்டச் சுவருக்கு வெளியே, சரிவில், மண்ணைக் குவித்துச் சொருகி ஒரே திரியாக இணைத்தோம். ஃபாதர் ஜெபத்தை முடித்து முதல் பிடி மண்ணைப் போட்டதும் நிர்மல் கொளுத்திவிட்டு ஓடி வந்தான்.

டமால். டமால். டமால்.

மலை அதிர்ந்தது. நான்கூட ஒரு நிமிடம் பெருமைப்பட்டேன். பிறகு ரோஸ்லின் அக்கா காதைப் பொத்திக்கொண்டு நின்றதைப் பார்த்தேன், பெருமை கொஞ்சம் இறங்கியது. குப்பையையாவது பொறுக்கிவிடுவோம் என்று சுவர் இடைவெளியில் புகுந்து சரிவில் இறங்கினேன்.

"நில்லு."

கூட்டத்தில் யாருக்கும் தெரியாத ஒரு பெரியவர். வேட்டி, மேலே கம்பளி, கையில் ஒரு பை கொய்யாப்பழம். கூட்டத்தை விலக்கிக்கொண்டு சுவரருகே வந்து, திரும்பிப் பார்த்த என் முகத்துக்கு நேராக வலது கையைத் தூக்கினார். ஐந்து விரலும் விரிந்திருந்தன.

அந்தக் கையை எனக்குத் தெரியும். பழக்கத்தில் டமால் என்று வாய் வரைக்கும் வந்துவிட்டது. விழுங்கிக்கொண்டேன்.

"எத்தன வச்சீங்க?"

"மூணு தாத்தா. மூணும் வெடிச்சிருச்சு. கேட்டுச்சே."

"கேட்டத விடு. நான் ரெண்டு பொகைதான் பாத்தேன். மூணாவதாக் கேட்டது மலை திருப்பிச் சொன்ன சத்தம். அப்படியே என்கிட்ட வா பாப்பா. அந்தப் பக்கம் திரும்பாத, ஓடாத. வா."

வந்தேன். அங்கிருந்து எட்டிப் பார்த்தால் மூன்றாவது வேட்டு மண் குவியலில் சும்மா நின்றுகொண்டிருந்தது. இன்னும் நாலு எட்டு வைத்திருந்தால் காகிதம் என்று நினைத்து நான் அதைக் கையில் எடுத்திருப்பேன்.

"இனி அர மணி நேரம் யாரும் அந்தப் பக்கம் போகக்கூடாது" என்றார் பெரியவர். நிர்மல் தண்ணீர் ஊற்றட்டுமா என்று கேட்டான். "ஏலே, கிட்டப் போகாம எப்பிடிலே ஊத்துவ? வாயால துப்புவியா? நில்லு." ஃபாதர் கைக்கடிகாரத்தைப் பார்த்தார், பிறகு பெரியவரைப் பார்த்தார், பிறகு அவரும் நின்றார். குழியை மூட வந்தவர்கள் மண்வெட்டியைத் தரையில் ஊன்றினார்கள். நீங்களும் நின்றீர்கள். பனி இறங்கி எல்லோர் தலையும் நனைந்தது. நம் கோயில் பங்கில் இவ்வளவு பேர் இவ்வளவு நேரம் பேசாமல் நின்று நான் பார்த்ததில்லை.

அந்த அரை மணி நேரத்தில்தான் அவர் யாரென்று சொன்னார். பெயர் பெருமாள். ஆயக்குடியில் கொய்யாத் தோப்பு. சவரிமுத்து அங்கிளோடு அதே டரட்டில், அதே பீரங்கியில், குண்டைத் தூக்கிக் கொடுத்தவர்.

"ஒரு நா பயிற்சி. மூணு பீரங்கியும் ஒண்ணாச் சுடணும். வெளக்கு எரிஞ்சது, மேல அமுக்குனாங்க. வீடே குலுங்குச்சு. பக்கத்து ரெண்டும் வெடிச்சது. எங்களுது வெடிக்கல. ஆனா அந்தச் சத்தத்துல எவனுக்குத் தெரியும்? நம்மளுதும் போயிருச்சுன்னுதான் எல்லாரும் நெனச்சோம். நான் அடுத்த குண்ட அணச்சுக்கிட்டுக் கதவுக்கு நேர் பின்னால நிக்கிறேன். கதவத் தொறக்கணும், காத்தடிச்சுக் குழலச் சுத்தம் பண்ணணும், நான் குண்டக் குடுக்கணும். அதான் ஒழுங்கு. கை தன்னால போவும். சவரி கை கதவுப் பிடில இருக்கு. தொறக்கல. இன்னொரு கைய இப்பிடி விரிச்சு என் மூஞ்சிக்கு நேராக் காட்டுறான்."

"அவருக்கு எப்பிடி தாத்தா தெரிஞ்சது?"

"சுட்டாப் பீரங்கி பின்னால ஒதைச்சுட்டு வரும். எங்களுது நகரல. நாங்க எல்லாம் காத நம்புனோம். அவன் அதையே பாத்துக்கிட்டு இருந்திருக்கான்."

உள்ளே மருந்து மெல்லக் கனன்றுகொண்டிருக்கலாம் என்றார். கதவு மூடியிருக்கிற வரைக்கும் வெடித்தாலும் குண்டு முன்னால்தான் போகும். திறந்த நேரத்தில் வெடித்தால் நெருப்பு வீட்டுக்குள் வரும். அங்கிருக்கும் அத்தனை பேரும் போய்விடுவார்கள். அதனால் வெடிக்காத பீரங்கியை அரை மணி நேரம் திறக்கக் கூடாது என்பது விதி. ஆனால் வெடிக்கவில்லை என்று அன்று நம்பியவர் ஒருவர்தான்.

"போன்ல ஏன் தாமதம்னு கத்துறாங்க. இவன் 'வெடிக்கலங்க' அப்பிடிங்கிறான். நாங்க பின்னாடி இருந்து, வெடிச்சிருச்சு, எங்க காதால கேட்டோம், தொறடான்னு கத்துறோம். நானுந்தான் கத்துனேன், பாப்பா. தாயத் தூக்கி வஞ்சேன். அவன் பிடிய விடல. கையையும் எறக்கல. அப்புறம் ஒரு ஆபீசர் வந்து பாத்து, ஆமா, வெடிக்கலன்னாரு. அர மணி நேரம் கழிச்சுத் தொறந்தோம். உள்ள குண்டும் மருந்தும் வச்சது வச்சபடி கெடக்கு. அன்னைக்கு அவன் தொறந்திருந்தா இன்னைக்கு இந்தக் கொய்யாப்பழம் மரத்துலதான் தொங்கும்."

பிறகு என்னைப் பார்த்து, "இதத்தான எல்லாத்துக்கும் சொல்லுவான்? கைய இப்பிடி வச்சுக்கிட்டு, கொஞ்ச நேரம் கம்முனு நின்னுட்டு, 'அது வெடிக்கல'ன்னு மெதுவாச் சொல்லுவான் பாரு, கேக்குறவன் மூச்ச விடுவான். அவன் மாதிரி எனக்குச் சொல்ல வராது" என்றார்.

நிர்மல் தன் செருப்பைப் பார்த்தான். ரோஸ்லின் அக்கா என்னைப் பார்த்தார். நான் கேட்டிருப்பேன் என்று நம்புகிற பார்வை.

அரை மணி நேரம் முடிந்ததும் பெருமாள் தாத்தா தானே இறங்கி ஒரு வாளித் தண்ணீரை எட்ட நின்று ஊற்றினார். திரி பனியில் நனைந்து அணைந்திருந்ததா, உள்ளே கனன்றுகொண்டிருந்ததா என்று யாருக்கும் தெரியாது. என் பத்து விரலும் என்னிடம் இருக்கின்றன. இதை அவற்றால்தான் எழுதுகிறேன்.

மறுநாள், ரோஸ்லின் அக்கா எழுதச் சொன்ன பிறகு, நான் லில்லி அக்காவிடம் போனேன். எனக்கு ஒரு நம்பிக்கை இருந்தது. நாங்கள் பள்ளிக்கூடத்தில் இருந்த நேரங்களில், யாரோ ஊர் பெயர் தெரியாத ஒரு குடும்பத்திடமாவது அங்கிள் முழுதாகச் சொல்லியிருப்பார் அல்லவா? லில்லி அக்கா சோளத்தைத் திருப்பிப் போட்டுக்கொண்டே யோசித்தார்.

"ஆரம்பத்துல என்னமோ அர மணி நேரம், வெடிக்கல அப்பிடின்னு சொல்லுவாரு. அப்புறம் வர்றவங்க எல்லாம் நீங்க கத்துறத போன்ல பாத்துட்டு வந்து, டமால் எங்க, டமால் எங்கன்னு கேக்க ஆரம்பிச்சாங்க. நீங்க இல்லாத நேரத்துல அவரே கைய ஒசத்திட்டு டமால்னு சொல்லிருவாரு. பாவம், அவங்களும் கைதட்டுவாங்க."

அவரே சொல்லிவிடுவாராம்.

என் மரமண்டைக்கு அப்போதுதான் உறைத்தது. தன் பீரங்கி வெடித்துவிட்டது என்று டரட்டே கத்தியபோதும் கையை இறக்காத மனிதர் அவர். பக்கத்துப் பீரங்கிகளின் சத்தத்தில் தன் பீரங்கியும் வெடித்ததாக எல்லோரும் நம்பியதைப்போல, எங்கள் சத்தத்தில் அவர் கதையும் முடிந்ததாக ஊரே நம்பிவிட்டது. டரட்டில் விட்டுக்கொடுக்காதவர் எங்களிடம் விட்டுக்கொடுத்துவிட்டார். நாங்கள் பிள்ளைகள் என்பதால் இருக்கும். நான் வாயில் கேரட்டோடு குறுக்கே கத்தியதால் இருக்கும்.

ரோஸ்லின் அக்கா, நீங்கள் கேட்டது இதுதான். அப்பாவின் கதையைக் கடைசிவரை எழுதிவிட்டேன். முன்பாதி மட்டும்தான் நான் அவர் வாயால் கேட்டது. பின்பாதி பெருமாள் தாத்தாவினுடையது. அந்தப் பாதியை உங்கள் அப்பாவின் குரலில் எழுத எனக்கு வராது, நடிக்கவும் வராது. நான்தான் அதைக் கேட்கவிடாமல் செய்தவள்.

அவரிடமிருந்து நான் வைத்துக்கொண்டது அந்தக் கையை மட்டும். விரித்த ஐந்து விரல். அதை ஆரம்பிக்கச் சொல்லும் சைகை என்றே இத்தனை காலமும் நினைத்திருந்தேன். பொறு என்று அவர் சொல்லிக்கொண்டிருந்தார்.

முப்பதாம் நாள் பூசை முடிந்து இதை நான் உங்கள் முன் வாசிப்பேன். கிராம்பு வரைக்கும், விளக்கு எரிவது வரைக்கும் அவர் குரலில் சொல்லிவிட்டுக் கையைத் தூக்குவேன். பழக்கத்தில் உங்களுக்கு வாய் துறுதுறுக்கும், எனக்கும்தான். நிர்மலை என் பக்கத்திலேயே நிற்கச் சொல்லியிருக்கிறேன், என் வாயைப் பொத்துவதற்கு. நீங்கள் உங்கள் பிள்ளைகளின் வாயைப் பொத்திக்கொள்ளுங்கள்.

கை இறங்கும்வரை யாரும் சத்தம் போட வேண்டாம். அது வெடிக்கவில்லை.